இருட்டு என்ற சொல் இல்லாத ஊர்

போன இதழில் விருதுநகர்க் கல்லூரி மாணவி ஒருவர் கேட்ட கேள்விக்கு இடம் போதாமல் ஐந்து வரியில் பதில் சொல்லி முடித்துவிட்டேன். அதைத் தொடர்ந்து வந்த கடிதங்கள் மேஜையில் ஒரு கட்டாகச் சேர்ந்துவிட்டன. சரி, இந்த மாதம் முழுக்க அதையே பேசிவிடுவோம். அவருடைய கேள்வியை மறுபடியும் தருகிறேன்.

கேள்வி: தலைமுறை தலைமுறையாகக் குகைக்குள், வெளிச்சமே இல்லாமல் வாழும் மக்களைப் பற்றி ஒரு நாவல் எழுதுகிறேன். அவர்களுக்கென்று ஒரு மொழியும் உருவாக்குகிறேன். அகராதியை வைத்துக்கொண்டு நிறம், வெளிச்சம், பார்வை சம்பந்தப்பட்ட சொற்களை எல்லாம் அடித்துக்கொண்டே வருகிறேன். 'பார்' என்பதையும் அடித்துவிட்டேன். வேறு எதையெல்லாம் எடுக்க வேண்டும்?
— வாசகி, விருதுநகர்

பதில்: முதலில் 'பார்' என்பதைத் திரும்பப் போட்டுவிடுங்கள்.

பார்வையற்ற பிள்ளைகள் படிக்கும் பள்ளியில் பதினோரு வருடம் தமிழ் சொல்லிக்கொடுத்தவள் நான். சேர்ந்த புதிதில் 'பாரு', 'பார்த்தியா' என்ற சொற்கள் வாயில் வந்துவிடக் கூடாது என்று பயந்து பயந்து பாடம் நடத்தினேன். மூன்றாம் நாள் ஆறாம் வகுப்புப் பையன் ஒருவன் வராந்தாவில் என்னைப் பிடித்துக்கொண்டு, "டீச்சர், நேத்து டிவில மேட்ச் பார்த்தீங்களா?" என்றான். கடைசி ஓவரில் என்ன நடந்தது என்பதைப் பந்து பந்தாகச் சொன்னான். அவன் பார்த்திருக்கிறான். அந்தச் சொல்லுக்கு அவனிடம் ஒரு குறையும் இல்லை.

அன்று வீட்டுக்குப் போய் யோசித்தபோதுதான் நம் மொழியே இதை எப்போதோ சொல்லிவிட்டது தெரிந்தது. சாப்பிட்டுப் பார், கேட்டுப் பார், மோந்து பார், தொட்டுப் பார் என்கிறோம். இவற்றில் எங்கேயும் கண்ணுக்கு வேலை இல்லை. ஒன்றைச் செய்து, அதன் மூலம் தெரிந்துகொள் என்பதுதான் அங்கே 'பார்'.

அமெரிக்காவில் பார்பரா லாண்டாவ், லைலா கிளைட்மன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் 1985ல் ஒரு புத்தகம் வெளியிட்டார்கள். பிறவியிலேயே பார்வை இல்லாத குழந்தை ஒன்று பேசக் கற்றுக்கொள்வதைக் கூடவே இருந்து கவனித்து எழுதியது. 'மேலே பார்' என்றால், கண்ணைக் கட்டிவிடப்பட்ட மற்ற குழந்தைகள் முகத்தை மேலே தூக்கினார்கள். இந்தக் குழந்தை கைகளைத் தூக்கியது. 'தொடு, ஆனால் பார்க்காதே' என்றபோது பொருளை லேசாகத் தட்டிவிட்டு நிறுத்திக்கொண்டது. 'இப்போது பார்க்கலாம்' என்றதும் அதை எடுத்து, திருப்பித் திருப்பி, முழுக்கத் தடவி அறிந்தது. தொடுவது வேறு, பார்ப்பது வேறு என்று மூன்று வயதிலேயே அதற்குத் தெரிந்திருக்கிறது. யாரும் பாடம் நடத்தவில்லை.

உங்கள் குகை மக்களுக்கும் இப்படி ஒரு சொல் கண்டிப்பாக வேண்டும். அது எந்த வினையிலிருந்து பிறந்தது என்பதுதான் நீங்கள் யோசிக்க வேண்டிய இடம். 'தடவு' என்பதிலிருந்தா, 'கேள்' என்பதிலிருந்தா? நம் 'கேள்' ஏற்கெனவே எவ்வளவு சுமக்கிறது பாருங்கள். காதால் கேட்கிறோம், கேள்வி கேட்கிறோம், 'சொன்னா கேளு' என்று பிள்ளையை அதட்டுகிறோம், 'இந்த மருந்து கேட்கும்' என்று ஆறுதல் சொல்கிறோம். அது குகைக்குள் போனால் இன்னும் எவ்வளவு வளரும்!

அகராதியில் அடித்துக்கொண்டே போகாமல் சேர்க்கத் தொடங்குங்கள். வாசனையிலிருந்து ஆரம்பிக்கலாம். மலேசியக் காடுகளில் வாழும் ஜஹாய் மக்களிடம் வாசனைகளுக்கென்றே ஒரு டஜன் அளவுக்குத் தனிச் சொற்கள் உண்டு. எலுமிச்சை மாதிரி, பெட்ரோல் மாதிரி என்று எதையும் இரவல் வாங்காத சொற்கள். பழைய குடிசை, காளான், பழைய சாப்பாடு மூன்றுக்கும் பொதுவான வாடைக்கு ஒரு சொல். புலியை வரவழைக்கும் ரத்த வாடைக்கு இன்னொன்று. நாம் 'சிவப்பு' என்று சொல்லும் அதே சுலபத்தில் அவர்கள் வாசனைக்குப் பெயர் சொல்கிறார்கள் என்று அஸிஃபா மஜீதும் நிக்லாஸ் புரென்ஹுல்ட்டும் 2014ல் காட்டினார்கள். நம்மிடமும் கொஞ்சம் இருக்கிறது. முட்டைக்கும் மீனுக்கும் கவிச்சி, ஆட்டுக்கு மொச்சை, பெட்டியில் கிடந்த துணிக்கு மக்கல், பழைய எண்ணெய்க்குச் சிக்கு. வீட்டில் பெரியவர்கள் இருந்தால் உட்கார்ந்து கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். வேகமாகக் காணாமல் போய்க்கொண்டிருக்கும் சொற்கள் இவை.

ஒரே ஒரு சொல்லைத் தைரியமாக அடிக்கலாம். அது 'இருட்டு'. வெளிச்சம் வந்து போகும் இடத்தில்தான் அதற்குப் பெயர் தேவைப்படும். அவர்கள் ஊரில் அது ஒரு நாளும் வந்ததில்லை, போனதுமில்லை.

கேள்வி: இப்படிப்பட்ட மக்களையும் மொழியையும் ஏற்கெனவே யாராவது கற்பனை செய்திருக்கிறார்களா?
— வாசகர், தஞ்சாவூர்

பதில்: மக்களை நிறையப் பேர் செய்திருக்கிறார்கள். மொழியைச் செய்தவர்கள் குறைவு.

1871ல் எட்வர்ட் புல்வர் லிட்டன் எழுதிய 'வரவிருக்கும் இனம்' என்ற ஆங்கில நாவலில் பூமிக்கு அடியில் வாழும் மக்கள் வருகிறார்கள். வ்ரில் என்ற மகா சக்தி அவர்கள் கையில். ஒரு அத்தியாயம் முழுக்க அவர்கள் மொழியின் இலக்கணம், வேற்றுமை உருபுகளோடு. புத்தகத்தை அவர் சமர்ப்பித்தது மொழியியலாளர் மாக்ஸ் முல்லருக்கு. தனிநிலை (சொல் உருபு எதுவும் ஏற்காமல் தனித்து நிற்பது), ஒட்டுநிலை (சொல்லோடு உருபுகள் ஒன்றன்பின் ஒன்றாக ஒட்டுவது), உட்பிணைப்பு நிலை (சொல்லும் உருபும் பிரிக்க முடியாமல் கலந்துவிடுவது) என்று மொழிகள் படிப்படியாக ஏறிப் பூரணம் அடைகின்றன என்பது அந்தக் காலத்துக் கொள்கை. வ்ரில் மக்களின் மொழியில் அந்த மூன்று படியின் தடமும் தெரிகிறது என்று லிட்டன் எழுதுகிறார். அந்த ஏணியில் நம் தமிழ் நடுப்படியில் நிற்கும், அது ஒட்டுநிலை மொழி என்பதால். எனக்கு அந்த ஏணி பிடிக்காது. மொழிக்கு மேல்படி கீழ்படி கிடையாது என்று இன்றைய மொழியியல் தெளிவாகவே சொல்கிறது. ஆனால் நம் கேள்விக்கு இதைவிட முக்கியமான ஏமாற்றம் ஒன்று உண்டு. லிட்டன் அந்தக் குகை உலகம் முழுக்க விளக்கு ஏற்றி வைத்துவிட்டார்! இருட்டு மொழியில் ஒரு தடம்கூடப் பதிக்கவில்லை.

எச். ஜி. வெல்ஸ் 1904ல் எழுதிய 'பார்வையற்றோர் நாடு' சிறுகதை இன்னும் நெருங்கி வருகிறது. ஈக்வடார் மலைகளில் ஒரு பள்ளத்தாக்கு. பதினான்கு தலைமுறையாக அங்கே யாருக்கும் பார்வை இல்லை. கண்ணுக்குரிய பொருள்களின் பெயர்கள் எல்லாம் மங்கி மாறிவிட்டன. வழி தவறி விழுந்த நூனெஸ் என்ற மலையேறி 'பார்க்கிறேன்' என்கிறான். அப்படி ஒரு சொல்லே இல்லை என்கிறார்கள். பகல், இரவு என்ற சொற்களின் இடத்தில் வெப்பம், குளிர். குளிரில் வேலை, வெப்பத்தில் தூக்கம். தலைக்கு மேலே பாடுகிற, படபடக்கிற, யாராலும் தொட முடியாத தேவதைகள் உண்டு என்று நம்புகிறார்கள். அவை பறவைகள். பாதைகளின் ஓரக் கல்லில் பாதைக்கு ஒரு வெட்டு. காலால் தடவினால் எந்தப் பாதை என்று தெரிந்துவிடும். வெப்பம், குளிர் என்று நாளைப் பிரித்ததற்காகவே வெல்ஸுக்கு என் கும்பிடு. மொழி என்று பார்த்தால் சில சொற்களோடு நின்றுவிட்டார். அது அவருடைய நோக்கமும் இல்லை.

2013ல் வந்த ஒரு ஹாலிவுட் படத்தில், ஒளி பிறக்கும் முன்பிருந்த இருளைச் சேர்ந்தவர்கள் என்று சொல்லப்படும் ஓர் இனத்துக்கு டேவிட் பீட்டர்சன் முழு இலக்கணத்தோடு ஒரு மொழி செய்து கொடுத்தார்.

கதைக்காரர்கள் கற்பனை செய்யாத ஒன்றை நிஜ மனிதர்கள் செய்துவிட்டார்கள். அமெரிக்காவின் சியாட்டில் நகரில், பார்வையும் செவியும் இல்லாதவர்கள் நடுவே, 2007 வாக்கில் ப்ரோடாக்டைல் என்ற தொடுமொழி உருவாகத் தொடங்கியது. முன்னால் நின்றவர்கள் ஜெலிகா நுச்சியோ, ஏஜே கிராண்டா என்ற இருவர். இருவருமே பார்வையும் செவியும் இல்லாதவர்கள். அதற்கு முன்பு, கண்ணுக்காக உருவான சைகை மொழியைக் கையால் தொட்டுப் புரிந்துகொண்டிருந்தார்கள். காற்றில் வரையும் சைகையில் பாதி தப்பிப்போகும். ப்ரோடாக்டைலில் காற்றை விட்டுவிட்டார்கள். பேசுகிறவர் கேட்கிறவரின் கையையும் தோளையும் தொடையையும் இடமாக்கிக்கொள்கிறார். கேட்கிறவரின் கையே சொல்லின் ஒரு பாதியாகிவிடுகிறது. இரண்டு பேரின் நான்கு கைகளும் சேர்ந்துதான் ஒரு வாக்கியம். நாம் 'ம்' கொட்டுவதுபோல் அவர்கள் பேசுகிறவரின் தொடையிலோ கையிலோ விரலால் தட்டிக்கொண்டே இருப்பார்கள். எனக்கு அதைப் படித்தபோது கண் கலங்கிவிட்டது. 'ம்' இல்லாமல் எப்படிக் கதை சொல்வது?

கேள்வி: இருள் மக்களின் மொழி 'பாகுபலி'யில் மதன் கார்க்கி உருவாக்கிய கிளிக்கி மாதிரிச் சொடுக்கொலிகளோடு கரடுமுரடாக இருக்க வேண்டுமா?
— வாசகர், சேலம்

பதில்: கிளிக்கி போர்க்களத்துக்குப் பிறந்த மொழி. எதிரில் நிற்பவன் நடுங்க வேண்டும் என்பதற்கான ஒலி அது, அங்கே அது சரிதான். ஆனால் இருட்டில் இருப்பவர்கள் என்றாலே கொடியவர்கள், அவர்கள் பேச்சு உறுமலாகத்தான் இருக்கும் என்று எழுதும் பழக்கத்தை விட்டுவிட வேண்டும். என் வகுப்புப் பிள்ளைகள் ஒருவரை ஒருவர் அழைத்த குரல்கள் இன்னும் என் காதில் இருக்கின்றன. யார், எவ்வளவு தள்ளி, எந்தப் பக்கம் திரும்பி நிற்கிறார் என்று கணக்குப் பார்த்து அளந்து விட்ட குரல்கள்.

குகையில் வேறொரு சிக்கல் உண்டு. ஒலி சுவரில் மோதித் திரும்பி வரும். ஒரு அசை முடிவதற்குள் முந்தின அசையின் எதிரொலி மேலே வந்து விழும். வேகமாகப் பேசினால் கூழாகிவிடும். எனவே அவர்கள் நிதானமாக, சின்னச் சின்னச் சொற்றொடராக, இடைவெளி விட்டுப் பேசுவார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது. அப்புறம் அந்தச் சொடுக்கொலி. போர்னியோக் குகைகளில் கூடு கட்டும் உழவாரக் குருவிகள் 'டிக் டிக்' என்று ஒலி எழுப்பி, எதிரொலியை வைத்து இருட்டில் பறக்கின்றன. நம் காதுக்கே அது கேட்கும். மனிதர்களாலும் முடியும். அமெரிக்கரான டேனியல் கிஷ் குழந்தையிலேயே பார்வை இழந்தவர். நாக்கைச் சொடுக்கி, திரும்பி வரும் ஒலியில் மரத்தையும் சுவரையும் தெரிந்துகொண்டு சைக்கிளே ஓட்டுகிறார். தென்னாப்பிரிக்காவின் ஸூலு, கோஸா மொழிகளில் சொடுக்கு ஒரு சாதாரண மெய்யெழுத்து. என் யோசனை, குகை மக்கள் சொடுக்கைச் சொல்லுக்குள் சேர்க்கவே மாட்டார்கள். வழி காட்டும் ஒலியைப் பேச்சில் கலந்தால் நடக்கிறவன் முட்டிக்கொள்வான்.

கேள்வி: எங்கட ஊரில் இவன், அவன் மட்டுமில்லை, உவனும் இருக்கிறான். இருட்டில் சுட்டெழுத்துகள் என்ன பாடுபடும்?
— வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: இந்தக் கடிதத்தைத்தான் ரொம்ப நேரம் கையில் வைத்திருந்தேன். விரல் நீட்டிக் காட்டுவதற்குத் துணையாக நிற்பவை சுட்டுகள். விரல் தெரியாத இடத்தில் அ, இ, உ என்ன செய்யும்?

தமிழகத்துப் பேச்சில் நாங்கள் தொலைத்துவிட்ட 'உ'வை நீங்கள் காப்பாற்றி வைத்திருக்கிறீர்கள். 'உது' என்றால் கேட்கிறவர் பக்கத்தில் இருப்பது என்றும் பொருள்படுகிறதல்லவா? இருட்டில் அதற்குத்தான் மதிப்பு அதிகம். 'இது' என் கைக்கு எட்டுவது. 'உது' உன் குரல் வரும் பக்கம், உன் கைக்கு எட்டுவது. 'அது' இருவர் கைக்கும் எட்டாதது. அந்த 'அது'வை இன்னும் இரண்டாகப் பிரிக்கலாம்: சத்தம் போடுவது, சத்தம் போடாதது. வேடிக்கையான கற்பனை என்று நினைக்காதீர்கள். மடகாஸ்கரின் மலகாசி மொழியில், கண்ணுக்குத் தெரியும் பொருளுக்கு ஒரு சுட்டு, தெரியாததற்கு வேறு சுட்டு. கண் இருந்த இடத்தில் காதை வைத்தால் போதும்.

திசையும் அப்படித்தான். சூரியன் இல்லாத ஊரில் கிழக்கு ஏது என்று இன்னொருவர் எழுதியிருந்தார். மெக்சிகோவின் செல்தால் மொழி பேசுகிறவர்கள் சமதரையில் இருக்கும் பாத்திரத்தைக்கூட 'மேட்டுப்பக்கம்', 'பள்ளப்பக்கம்' என்றுதான் சொல்வார்கள். அவர்கள் ஊர் மலைச்சரிவு. நம் 'மேற்கு' மேலிருந்தும் 'கிழக்கு' கீழிருந்தும் வந்தவை. மலை மேற்கே, கடல் கிழக்கே. குகை மக்கள் தண்ணீர் வரும் பக்கம், தண்ணீர் போகும் பக்கம் என்பார்கள். குகைகள் மூச்சுவிடும், வெளிக்காற்றின் அழுத்தம் மாறும்போது காற்று உள்ளே போகும், வெளியே வரும். நேரத்தைச் சொல்லக்கூட அந்த மூச்சு உதவும்.

கேள்வி: யாருமே எதையும் பார்க்காத ஊரில் சாட்சி என்பது என்ன?
— வழக்கறிஞர், மதுரை

பதில்: அமேசான் பகுதியின் துயூகா மொழியில், ஒரு செய்தியைச் சொன்னால் அது எப்படித் தெரியும் என்பதையும் வினைச்சொல்லிலேயே சொல்லியாக வேண்டும். பார்த்தது, வேறு புலனால் அறிந்தது, தடயத்தால் ஊகித்தது, பிறர் சொன்னது, இப்படித்தான் இருக்கும் என்று எடுத்துக்கொண்டது என ஐந்து விகுதிகள். நம்மிடம் ஒன்று இருக்கிறது: 'வந்தானாம்'. அந்த 'ஆம்' வந்தவுடன் சொன்னவர் பொறுப்பிலிருந்து நழுவிவிடுகிறார். குகை மக்களுக்குத் தொட்டது, கேட்டது, மோந்தது, சொல்லக் கேட்டது என்று நான்கு விகுதி வைக்கலாம். அங்கே 'தொட்டேன்' என்று பொய் சொல்வதுதான் பெரிய குற்றமாக இருக்கும்.

கேள்வி: எழுத்து இருக்குமா?
— வாசகி, கோவை

பதில்: இருக்கலாம். பிரான்சில் சார்ல்ஸ் பார்பியே என்பவர் புடைத்த புள்ளிகளால் ஒரு முறை அமைத்தார்; அதற்கு 'இரவெழுத்து' என்றே பெயர். ஒரு குறிக்குப் பன்னிரண்டு புள்ளி வரை. விரல்நுனிக்குள் அது அடங்கவில்லை. பார்வையற்ற மாணவரான லூயி பிரெயில் பதினைந்து வயதில், 1824ல், அதை ஆறு புள்ளிக்குள் கொண்டுவந்தார். தமிழ் பிரெயிலில் எனக்குப் பிடித்த ஒன்று உண்டு. அச்சில் 'கொ' எழுதினால் ஒரு கொம்பு முன்னால், ஒரு கால் பின்னால், நடுவில் க. விரல் அப்படி முன்னும் பின்னும் தாவாது. அதனால் பிரெயிலில் முதலில் க, அடுத்து ஒகரம். வாய் சொல்லும் வரிசை, விரல் படிக்கும் வரிசை இரண்டும் ஒன்று. எழுத்துக்கூட்டலில் என் பிள்ளைகள் தடுமாறாததற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

கேள்வி: நான் பிறவியிலேயே பார்வை இல்லாதவன். உங்கள் பதிலைத் தங்கை படித்துக் காட்டினாள். எங்களையும் 'இருட்டில் வாழ்பவர்கள்' என்றுதான் எழுதுகிறார்கள். நான் இருட்டைப் பார்த்ததே இல்லையே, அது எப்படி இருக்கும்?
— வாசகர், திண்டுக்கல்

பதில்: கறுப்பாக இருக்கும் என்று நான் சொன்னால் அது உங்களுக்குப் பதில் ஆகாது. உங்கள் முதுகுக்குப் பின்னால் என்ன தெரிகிறது என்று என்னைக் கேட்டால் நானும் 'இருட்டு' என்று சொல்ல மாட்டேன். ஒன்றும் தெரிவதில்லை, அவ்வளவுதான். 'இருட்டு' கண்ணுள்ளவர்களின் சொல். அதை உங்கள் தலையில் கட்டியது எங்கள் தவறு. விருதுநகர் வாசகியும் இதைப் படிப்பார் என்று நம்புகிறேன்.

'விடியல்' என்று ஒருமுறை கட்டுரைத் தலைப்புக் கொடுத்துவிட்டு, கொடுத்திருக்கக் கூடாதோ என்று நான் தவித்தேன். ஒரு பையன் எழுதியிருந்தான்: முதலில் பால்காரர் சைக்கிள், அப்புறம் வாசல் தெளிக்கும் சத்தம், உடனே ஈர மண் வாசனை, அப்புறம் அம்மா அடுப்புப் பற்றவைப்பது, கடைசியில் ஜன்னல் பக்கக் கன்னத்தில் சூடு. சூரியன் கடைசியில்தான் வந்தது. அந்தத் தாளை இன்னும் வைத்திருக்கிறேன்.

கேள்வி: அந்த மொழிக்கு முதல் சொல்லை நீங்களே தாருங்கள், டீச்சர்.
— வாசகி, விருதுநகர் (மறுபடியும்)

பதில்: ஒலியை நீங்கள் முடிவு செய்யுங்கள், பொருளை நான் தருகிறேன். 'நான் இந்த இடத்தை விட்டுப் போகிறேன்' என்பதற்கு ஒரே அசையில் ஒரு சொல் வையுங்கள். சொல்லாமல் போகவே கூடாது என்ற விதியும் வையுங்கள்.

ஒரு நாள் வகுப்பில் ஒரு சிறுமி எழுந்து ஊர்த் திருவிழாவைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாள். தொந்தரவு செய்ய வேண்டாமென்று நான் சத்தமில்லாமல் அலுவலக அறைக்குப் போய்ப் பதிவேட்டை எடுத்துக்கொண்டு திரும்பினேன். அவள் இன்னும் என் நாற்காலியைப் பார்த்துப் பேசிக்கொண்டிருந்தாள், "இல்ல டீச்சர்? சரிதானே டீச்சர்?" என்று கேட்டபடி. நான் வாசலில் அப்படியே நின்றுவிட்டேன்.

அதன் பிறகு எங்கே போனாலும் சொல்லிவிட்டுத்தான் போனேன். வீட்டுப் பழக்கத்தில் "வரேன்" என்பேன். போகும்போது 'போறேன்' என்று சொல்லக் கூடாது என்று வளர்க்கப்பட்டவள் நான். அதே சிறுமி ஒரு நாள் கேட்டாள்: "டீச்சர், நீங்க வரீங்களா, போறீங்களா?" அன்றிலிருந்து அந்த வகுப்பில் மட்டும் "போறேன்" என்று சொல்லிவிட்டுப் போக ஆரம்பித்தேன்.